90 நாள், ஒரு சான்றிதழ், 8,000 கோடி: டெல்லி ஏர்போர்ட் மெட்ரோ ஒப்பந்த முறிவு வழக்கு

2024 ஏப்ரல் 10 அன்று உச்ச நீதிமன்றம், தான் 2021-இல் கொடுத்த தீர்ப்பைத் தானே ரத்து செய்தது. வட்டியும் அசலுமாக ஏறத்தாழ 8,000 கோடி ரூபாய்க்கு வளர்ந்திருந்த ஒரு கடன் அன்றோடு இல்லாமல் போனது. டெல்லி மெட்ரோ ரயில் கழகம் இனி எதுவும் கட்ட வேண்டியதில்லை. அதுவரை கட்டியிருந்த 2,500 கோடிக்கு மேற்பட்ட பணமும் அதற்குத் திரும்பி வர வேண்டும். பணம் கிடைக்கும் என்று நம்பியிருந்த ரிலையன்ஸ் இன்ஃப்ராஸ்ட்ரக்சரின் பங்கு விலை அன்று ஒரே நாளில் 20 சதவீதம் சரிந்தது.

அரசு ஒப்பந்தம் பாதியில் முறிந்து வழக்காவது நம் ஊரில் புதிதல்ல. இந்த வழக்கில் கவனிக்க வேண்டியது வேறு. சம்பவங்கள் அவையே, ஆவணங்களும் அவையே. ஆனால் நடுவர் தீர்ப்பாயம் ஒரு பக்கம், உயர் நீதிமன்றத்தின் இரு நபர் அமர்வு எதிர்ப்பக்கம், உச்ச நீதிமன்றம் முதலில் தீர்ப்பாயத்தின் பக்கம், பிறகு உயர் நீதிமன்ற அமர்வின் பக்கம் என்று முடிவு மாறிக்கொண்டே வந்தது. அத்தனை மாற்றமும் 2012 ஜூலைக்கும் அக்டோபருக்கும் இடையிலான 90 நாளில் என்ன நடந்தது என்பதை யார் எப்படிப் படித்தார்கள் என்பதில் அடங்கியிருக்கிறது.

பாலம் ஒருவருடையது, தண்டவாளம் இன்னொருவருடையது

புது டெல்லி ரயில் நிலையத்திலிருந்து விமான நிலையம் வழியாக துவாரகா செக்டார் 21 வரை, சுமார் 22.7 கிலோமீட்டர். இதற்கான ஒப்பந்தம் 2008 ஆகஸ்ட் 25-இல் கையெழுத்தானது. ஒரு பக்கம் டெல்லி மெட்ரோ. மறுபக்கம் ரிலையன்ஸ் இன்ஃப்ராஸ்ட்ரக்சரும் ஸ்பெயினின் ரயில் பெட்டித் தயாரிப்பாளர் சி.ஏ.எஃப். நிறுவனமும் சேர்ந்து உருவாக்கிய டெல்லி ஏர்போர்ட் மெட்ரோ எக்ஸ்பிரஸ் பிரைவேட் லிமிடெட். இனி அதைச் சுருக்கமாக 'நிறுவனம்' என்றே சொல்கிறேன்.

வேலைப் பிரிவினைதான் பின்னால் வந்த சண்டையின் வேர். நிலம் எடுப்பது, சுரங்கம் தோண்டுவது, தூண் நட்டு கர்டர் (பாலத்தின் உத்தரம்) ஏற்றுவது என்று சிவில் வேலை எல்லாம் டெல்லி மெட்ரோவுடையது. அதன் மேல் தண்டவாளம் போட்டு, மின்சாரம், சிக்னல், ரயில் பெட்டி எல்லாம் அமைத்து, 2038 வரை ஓட்டிச் சம்பாதிப்பது நிறுவனத்துடையது. அதாவது பாலம் கட்டியவர் வேறு, அதன் மேல் வண்டி ஓட்டி நட்டத்தையோ லாபத்தையோ சுமப்பவர் வேறு. பாலத்தில் விரிசல் விட்டால் கட்டியவருக்கு அது ஒரு பழுதுபார்ப்பு வேலை. ஓட்டுபவருக்கோ அன்றைய வருமானமே போச்சு. இப்படிப் பிரிக்கும் ஒப்பந்தங்களில் எது யாருடைய தவறு என்ற கேள்வி முதல் நாளிலிருந்தே தூங்கிக்கொண்டிருக்கும்.

2010 அக்டோபர் காமன்வெல்த் விளையாட்டுப் போட்டிக்குள் ரயில் ஓட வேண்டும் என்பது திட்டம். ஓடவில்லை. 2011 பிப்ரவரி 23-இல்தான் பாதை திறக்கப்பட்டது. பாலத்தின் பேரிங்குகளில் (தூணுக்கும் கர்டருக்கும் நடுவில் இருக்கும் தாங்கிகளில்) கோளாறு, கர்டர்களில் குறை என்று அடுத்த ஆண்டே புகார்கள் எழுந்தன. 2012 ஜூலை 8 அன்று ரயில் சேவையை நிறுவனம் நிறுத்தியது. மறுநாள், ஜூலை 9, டெல்லி மெட்ரோவுக்கு நோட்டீஸ் போனது: எட்டு குறைகள் இருக்கின்றன, 90 நாளுக்குள் சரிசெய்யுங்கள்.

டெல்லி மெட்ரோ பழுதுபார்க்கும் வேலையில் இறங்கியது. 2012 அக்டோபர் 8-இல், குறைகள் சரியாகவில்லை என்று சொல்லி நிறுவனம் முறிவுக் கடிதம் கொடுத்துவிட்டது. அதே மாதமே டெல்லி மெட்ரோ ஆர்பிட்ரேஷனுக்கு, அதாவது நீதிமன்றத்துக்கு வெளியே நடுவர்கள் தீர்ப்பளிக்கும் முறைக்குப் போனது.

வழக்கமாக முறிவுக் கடிதம் அரசுப் பக்கத்திலிருந்து காண்ட்ராக்டருக்கு வரும். இங்கே காண்ட்ராக்டர் பக்கத்திலிருந்து அரசு நிறுவனத்துக்குப் போனது. அப்படிப் போக அவருக்கு என்ன லாபம்? ஒப்பந்தத்திலேயே பதில் இருந்தது. டெல்லி மெட்ரோவின் தவறால் ஒப்பந்தம் முறிந்தால், நிறுவனம் வாங்கிய கடன் பாக்கியையும், அது போட்ட மூலதனத்தில் 130 சதவீதத்தையும் டெல்லி மெட்ரோ கொடுக்க வேண்டும். ரயிலில் எதிர்பார்த்த கூட்டம் இல்லை, கையைக் கடிக்கிறது, அதனால்தான் விரிசலைச் சாக்காக வைத்து வெளியேறுகிறார்கள் என்பது டெல்லி மெட்ரோவின் வாதம். அது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் ஒப்பந்தச் சட்டத்தில் உள்நோக்கத்துக்குப் பெரிய இடமில்லை. முறிக்கும் உரிமை இருந்ததா இல்லையா என்பதுதான் கேள்வி. மனதுக்குள் என்ன கணக்குப் போட்டார் என்பது அல்ல.

சான்றிதழ்

வழக்கின் உயிர்நாடி முறிவுக் கடிதத்துக்குப் பிறகு நடந்த ஒரு விஷயத்தில் இருக்கிறது. 2012 நவம்பர் 19 அன்று, பாதையை மீண்டும் திறக்க அனுமதி கேட்டு மெட்ரோ ரயில் பாதுகாப்பு ஆணையரிடம் ஒரு விண்ணப்பம் போனது. அதை டெல்லி மெட்ரோவும் நிறுவனமும் சேர்ந்தே கொடுத்தன. முறிந்துவிட்டது என்று எழுதிக் கொடுத்தவரும் அதில் ஒரு கை.

ஆணையர் ஆய்வு செய்தார். 2013 ஜனவரி 18-இல் அனுமதிச் சான்றிதழ் கொடுத்தார். முதலில் மணிக்கு 50 கிலோமீட்டர் வேகத்தில்தான் ஓட்ட வேண்டும், தொடர்ந்து ஆய்வு செய்து படிப்படியாகக் கூட்டலாம் என்பது நிபந்தனை. ஜனவரி 22 முதல் ரயில் ஓடியது. அதே ஆண்டு ஜூன் 30 வரை ஓட்டியது நிறுவனமேதான். ஜூலை 1 முதல் டெல்லி மெட்ரோ எடுத்துக்கொண்டது.

இந்தச் சான்றிதழை எப்படிப் பார்ப்பது? இரண்டு விதமாகவும் பார்க்கலாம், அதுதான் சிக்கல். முறிவுக் கடிதம் அக்டோபரில், சான்றிதழ் ஜனவரியில். 90 நாளுக்குள் குறை சரியானதா என்ற கேள்விக்கு, மூன்று மாதம் கழித்து வந்த காகிதம் எப்படிப் பதிலாகும்? அதிலும், வேகமாக ஓடுவதற்கென்றே கட்டிய விமான நிலையப் பாதையில் 50-இல் ஓட்டு என்றால் குறை முழுதாகத் தீரவில்லை என்றுதானே பொருள்? இது நிறுவனத்தின் பார்வை. எளிதில் தள்ளிவிட முடியாத பார்வையும்கூட.

மறுபக்கம் ஒப்பந்தப் பிரிவு. நோட்டீஸ் வந்து 90 நாளுக்குள் குறையைச் சரிசெய்யத் தவறினால் முறிக்கலாம் என்று மட்டும் அதில் எழுதியிருக்கவில்லை. குறையைச் சரிசெய்யவும் தவறி, சரிசெய்வதற்குப் பயனுள்ள நடவடிக்கை எடுக்கவும் தவறினால்தான் முறிக்க முடியும். வேலை முடிந்திருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. உருப்படியாகத் தொடங்கி நடந்துகொண்டிருந்தாலும் போதும். அப்படியானால் ஜூலை முதல் நடந்த பழுதுபார்ப்பின் விளைவாக ஜனவரியில் சட்டப்படி அதிகாரம் பெற்ற ஓர் ஆணையர் "ஓட்டலாம்" என்று சொன்னது, அந்த 90 நாளில் நடந்த வேலை உருப்படியானதா என்பதற்கு நேரடிச் சாட்சியம் ஆகிவிடுகிறது.

எனக்கு இரண்டாவது பார்வைதான் வலுவாகத் தெரிகிறது. பாலப் பழுதில் ஆய்வு, வடிவமைப்பு, ஒப்புதல், வேலை என்று படிகள் இருக்கின்றன. கர்டரைத் தூக்கிப் பேரிங்கைச் சரிசெய்வது 90 நாளில் முடியாது என்று தெரிந்துதான் நடவடிக்கை பற்றிய அந்த வரியைச் சேர்த்திருப்பார்கள். அதைப் படிக்காமல் விட்டால் அந்த வரி எதற்கு?

நடுவர் தீர்ப்பாயம் அந்த வரியை அப்படித்தான் படிக்காமல் விட்டது. மூன்று பேர் கொண்ட தீர்ப்பாயம் 2017 மே 11-இல் நிறுவனத்துக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. கர்டர்களில் விரிசல், முறுக்கம், ஷியர் கீ என்ற பகுதிக்கும் கர்டருக்கும் நடுவில் இடைவெளி, இவை 90 நாளில் சரியாகவில்லை, ஆகவே முறிவு செல்லும் என்றது. சான்றிதழ் இந்தக் கேள்விக்குத் தேவையற்றது என்று ஒதுக்கியது. தொகை 2,782.33 கோடி ரூபாய், வட்டி தனி.

ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பாலத்தில் குறை இருந்தது என்பது கற்பனையில்லை. டெல்லி மெட்ரோ கடைசியில் ஜெயித்தது வேலை சுத்தமாக இருந்ததால் அல்ல.

மேலே போகப் போக

நடுவர் தீர்ப்பை நீதிமன்றம் மேல்முறையீடு போல மறுபடி விசாரிக்க முடியாது. 1996-ஆம் ஆண்டு ஆர்பிட்ரேஷன் சட்டத்தின் 34-ஆம் பிரிவில் சில குறிப்பிட்ட காரணங்கள் மட்டும் இருக்கின்றன. பார்த்தவுடன் தெரிகிற சட்டத் தவறு அவற்றில் ஒன்று. 'நானாக இருந்தால் வேறு மாதிரித் தீர்ப்புச் சொல்லியிருப்பேன்' என்பது காரணம் ஆகாது.

2018 மார்ச்சில் டெல்லி உயர் நீதிமன்றத் தனி நீதிபதி அந்த வழியிலேயே போய்த் தீர்ப்பைத் தொடவில்லை. 2019 ஜனவரி 15-இல் நீதிபதி சஞ்சீவ் கன்னா இடம்பெற்ற இரு நபர் அமர்வு அதைப் புரட்டிப் போட்டது. சான்றிதழை மெட்ரோ ரயில் சட்டத்தின்படி எடைபோடாமல் ஒதுக்கியது தவறு. பாதை பல ஆண்டுகளாக ஓடிக்கொண்டிருப்பதைக் கணக்கில் எடுக்காததும் தவறு. எந்தத் தேதியில் முறிவு நடந்தது என்பதிலேயே தெளிவில்லை என்றது. சஞ்சீவ் கன்னா அடுத்த சில நாளில் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார், பின்னர் தலைமை நீதிபதியும் ஆனார்.

2021 செப்டம்பர் 9-இல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் நாகேஸ்வர ராவ், ரவீந்திர பட் அமர்வு மறுபடி நடுவர் தீர்ப்பை நிலைநிறுத்தியது. சான்றிதழ் பாதுகாப்பு பற்றியது, குறை 90 நாளில் தீர்ந்ததா என்பது வேறு; அதை எப்படிப் பார்ப்பது என்பது நடுவர்களின் வேலை, நீதிமன்றம் மூக்கை நுழைக்கக் கூடாது என்பது அதன் சாரம். நவம்பரில் மறுஆய்வு மனுவும் தள்ளுபடி.

சாதாரணமாக வழக்கு இத்தோடு முடிந்திருக்கும். ஆனால் வட்டி நிற்கவில்லை. பாரத ஸ்டேட் வங்கியின் பிரதான கடன் வட்டிக்கு மேல் 2 சதவீதம் என்ற கணக்கில் அது ஏறிக்கொண்டே இருந்தது. டெல்லி மெட்ரோவில் மத்திய அரசுக்குப் பாதி, டெல்லி அரசுக்குப் பாதி. யார் பணம் போடுவது என்ற கேள்வி முடிவில்லாமல் இழுத்தது. ஜப்தி செய்யலாம் என்றால் மெட்ரோ ரயில் சட்டத்தின் 89-ஆம் பிரிவு குறுக்கே நின்றது: ரயில் பெட்டி, இயந்திரம் போன்றவற்றை மத்திய அரசின் முன் அனுமதி இல்லாமல் ஜப்தி செய்ய முடியாது. 2023 மார்ச்சில் டெல்லி உயர் நீதிமன்றம் இரு அரசுகளும் டெல்லி மெட்ரோவின் நிதிக் கோரிக்கையைக் கவனிக்க வேண்டும் என்று உத்தரவு போட வேண்டிவந்தது. தினமும் லட்சக்கணக்கானவர்களை ஏற்றிப் போகும் ஒரு போக்குவரத்து அமைப்பின் வங்கிக் கணக்கை முடக்கலாமா என்று நீதிமன்றம் யோசிக்கும் நிலை. அரசுக்கு எதிராகத் தீர்ப்பு வாங்குவது ஒரு சண்டை, பணத்தை வாங்குவது இன்னொரு சண்டை என்று காண்ட்ராக்டர்கள் புலம்புவதில் நியாயம் இருக்கிறது.

கடைசி மனு

மறுஆய்வும் தோற்ற பிறகு மிச்சமிருப்பது க்யூரேட்டிவ் மனு, அதாவது இறுதித் தீர்ப்பில் நேர்ந்த அநீதியைத் திருத்தக் கேட்கும் மனு. அசோக் ஹுர்ரா வழக்கில் 2002-இல் உச்ச நீதிமன்றம் உருவாக்கிய வழி அது. அநேகமாக எல்லா க்யூரேட்டிவ் மனுக்களும் நீதிபதிகளின் அறைக்குள்ளேயே தள்ளுபடியாகிவிடும். இது தப்பியது. தலைமை நீதிபதி சந்திரசூட், நீதிபதிகள் கவாய், சூர்ய காந்த் அமர்வு திறந்த நீதிமன்றத்தில் விசாரித்து, டெல்லி மெட்ரோ பக்கம் தீர்ப்புச் சொன்னது.

நடவடிக்கை பற்றிய வரியை நடுவர்கள் விளக்கவே இல்லை, முக்கியமான சாட்சியமான சான்றிதழை ஒதுக்கினார்கள், இது பார்த்தவுடன் தெரிகிற சட்டத் தவறு என்றது அமர்வு. உயர் நீதிமன்ற இரு நபர் அமர்வின் முடிவு சட்டப்படி சரியாகவே இருந்தது. அதில் கை வைத்ததன் மூலம் உச்ச நீதிமன்றமே ஓர் அநீதியை நிலைநிறுத்திவிட்டது என்றும் ஒப்புக்கொண்டது. இந்த வழியை எல்லோரும் நான்காவது, ஐந்தாவது படியாகப் பயன்படுத்தக் கூடாது என்று எச்சரிக்கையும் சேர்த்தது.

விடையில் எனக்குக் குறையில்லை. வழியில் கொஞ்சம் உறுத்துகிறது. ஆர்பிட்ரேஷனை ஏற்றுக்கொள்வதே ஒரு கட்டத்தில் வழக்கு முடியும் என்பதற்காகத்தான். 2012-இல் முறிந்த ஒப்பந்தத்துக்கு 2024-இல் முடிவு, அதுவும் இறுதித் தீர்ப்புக்குப் பிந்தைய ஒரு மனுவில் என்றால், அடுத்த முறை டெண்டர் போடும் நிறுவனம் அந்த அபாயத்துக்கும் ஒரு விலை வைக்கும். அந்த விலை டெண்டர் தொகையில் ஏறும். ஆனால் இதற்கான பழியை க்யூரேட்டிவ் அமர்வின் மேல் மட்டும் போட முடியாது. நடுவர்கள் அந்தச் சான்றிதழைப் பற்றி நாலு பக்கம் காரணம் எழுதி, இதனால்தான் ஏற்கவில்லை என்று சொல்லியிருந்தால், தீர்ப்பு பிழைத்திருக்கவும் கூடும். நடுவர் தவறாக முடிவெடுக்கலாம், அதை நீதிமன்றம் பொறுத்துக்கொள்ளும். எடைபோடவே இல்லை என்றால்தான் பொறுக்காது.

சின்ன ஒப்பந்தங்களுக்கு

8,000 கோடி வழக்கு நமக்கு எதற்கு என்று ஒரு பொதுப்பணித்துறை காண்ட்ராக்டர் கேட்கலாம். அவர் கதை பெரும்பாலும் தலைகீழாக இருக்கும்: வேலை தாமதம், செயற்பொறியாளர் நோட்டீஸ் கொடுக்கிறார், ஒப்பந்தம் ரத்து, வைப்புத்தொகை பறிமுதல், வங்கி உத்தரவாதம் பணமாக்கப்படுகிறது, மிச்ச வேலை அவர் செலவில் வேறொருவருக்குப் போகிறது. கேள்வி மட்டும் அதேதான். முறித்தவருக்கு அந்த நாளில் முறிக்கும் உரிமை இருந்ததா?

நாசிக் கால்வாய்த் திட்டத்தில் ஆலந்தி ஆற்றின் குறுக்கே நீர்ப்பாலம் கட்டும் வேலை, 1955-இல் 12 மாதக் கெடுவோடு கொடுக்கப்பட்டது. கெடு முடிந்ததும் 1956 ஆகஸ்டில் ரத்து. ஹிந்த் கன்ஸ்ட்ரக்‌ஷன் வழக்கு என்று பெயர் பெற்ற இதில் உச்ச நீதிமன்றம் 1979-இல் சொன்னது இன்றும் மேற்கோள் காட்டப்படுகிறது: தாமதத்துக்கு நாள் கணக்கில் அபராதம் போடவும், கெடுவை நீட்டிக்கவும் ஒப்பந்தத்திலேயே வழி வைத்துக்கொண்டு, காலக்கெடுதான் ஒப்பந்தத்தின் உயிர் என்று பேச முடியாது. முதலில் நியாயமான புதுக் கெடு கொடுத்து நோட்டீஸ் அனுப்ப வேண்டும். அதுவும் தவறினால்தான் ரத்து. ஏர்போர்ட் மெட்ரோவின் 90 நாளும் இதே மாதிரியான ஓர் அவகாசம்தான், கொடுத்தது நீதிமன்றமல்ல ஒப்பந்தம் என்பது மட்டும் வேறு.

அதிகாரியின் முடிவே இறுதியானது என்று ஒப்பந்தத்தில் இருக்கிறதே? 1987-இல் ராமேஸ்வரா ரைஸ் மில்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கு எல்லை போட்டது. இழப்பு எவ்வளவு என்பதை அரசு கணக்கிடலாம். ஒப்பந்தத்தை மீறியது யார் என்பதைத் தன் வழக்கில் தானே நீதிபதியாக உட்கார்ந்து அரசு முடிவு செய்ய முடியாது. குவாஹாட்டி விமான நிலைய முனையக் கட்டட வேலை சம்பந்தமான ஜே.ஜி. எஞ்சினியர்ஸ் வழக்கில் 2011-இல் இதையே மத்தியப் பொதுப்பணித்துறையின் நிலையான நிபந்தனைகளுக்கும் பொருத்தியது. ரத்து தவறு என்று முடிவானால், செய்யாமல் போன வேலையில் கிடைத்திருக்கும் லாபமும் கேட்கலாம். ராஜ்கோட் – ஜாம்நகர் சாலை பற்றிய பிரிஜ் பால் சிங் வழக்கில் 1984-இல் மிச்ச வேலையின் மதிப்பில் 15 சதவீதம் கொடுத்தார்கள்.

இந்த எல்லாத் தீர்ப்பும் கையில் இருந்தும் தோற்பவர்கள் இருக்கிறார்கள். காரணம் பெரும்பாலும் கோப்பு. தளத்தை எந்தத் தேதியில் ஒப்படைத்தார்கள், வரைபடம் எப்போது வந்தது, கெடு நீட்டிக்கக் கேட்ட கடிதத்துக்குப் பதில் வந்ததா, ரத்தான பிறகு இரு தரப்பும் சேர்ந்து அளவெடுத்து எம்-புக்கில் (வேலையின் அளவைப் பதியும் புத்தகத்தில்) கையெழுத்துப் போட்டார்களா? ரத்துக் கடிதம் வந்த கோபத்தில் தளத்தை விட்டுப் போய்விட்டு, செய்த வேலையின் அளவைத் துறையே தனியாக எழுதிக்கொள்ள விடுபவர், நஷ்ட ஈடு கேட்கப் போனால் எதை வைத்துப் பேசுவார்? நோட்டீஸ் வாங்கும் பக்கத்துக்கும் இதேதான். டெல்லி மெட்ரோவைக் காப்பாற்றியது பழுதுபார்த்ததும், பழுதுபார்த்ததை ஒரு வெளி அதிகாரியின் கையெழுத்தாக மாற்றி வைத்திருந்ததும்தான். அந்த விண்ணப்பத்தில் எதிர்த் தரப்பையும் கையெழுத்துப் போட வைத்தது கூடுதல் சாமர்த்தியம், அல்லது அதிர்ஷ்டம்.

க்யூரேட்டிவ் தீர்ப்பு வந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை. 2024 ஜூன் 3-இல் மத்திய நிதி அமைச்சகத்தின் செலவினத் துறை ஒரு வழிகாட்டுதல் வெளியிட்டது. அரசுக் கொள்முதல் ஒப்பந்தங்களில் ஆர்பிட்ரேஷனை வழக்கமாகச் சேர்க்க வேண்டாம். சேர்த்தாலும் 10 கோடிக்கு உட்பட்ட தகராறுகளோடு நிறுத்திக்கொள்ளலாம். பெரிய தகராறுகளுக்கு முதலில் சமரசம், அது முடியாவிட்டால் நீதிமன்றம். ஆகவே இப்போது மத்திய அரசின் டெண்டர் ஆவணத்தைக் கையில் எடுப்பவர், விலைப் பட்டியலுக்கு முன்னால் தகராறு தீர்க்கும் பிரிவைத்தான் படிக்க வேண்டும். அதில் ஆர்பிட்ரேஷன் இல்லையென்றால், முறிவு வழக்கு சிவில் நீதிமன்றத்தில் தொடங்கும். ஆலந்தி ஆற்று வழக்கும் அங்கேதான் தொடங்கியது. ரத்தான நாளிலிருந்து உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வர 22 ஆண்டுக்கு மேல் ஆனது.